மஸ்கனே மெஹ்ர்: ஈரானில் அரசு வீடு வாங்கியவர் கைக்கு வந்தது என்ன?

அலி நிக்ஸாத் ஈரானின் வீட்டுவசதித் துறையைக் கையில் வைத்திருந்த நான்கு ஆண்டுகளில், 2009 முதல் 2013 வரை, அந்தத் துறை மக்களுக்கு அளித்த பெரிய சேவை ஒன்றுதான்: மஸ்கனே மெஹ்ர், அதாவது மெஹ்ர் வீடு. மெஹ்ர் என்றால் பாரசீகத்தில் அன்பு. ஈரானிய நாள்காட்டியின் ஏழாம் மாதத்துக்கும் அதுவே பெயர். இருபது லட்சத்துக்கும் மேற்பட்ட வீடுகள் இந்தத் திட்டத்தின் கணக்கில் வருகின்றன. நிக்ஸாத் பழமைவாத அணியைச் சேர்ந்தவர். அர்தபில் மாகாண ஆளுநராக இருந்து அமைச்சரவைக்கு வந்தவர். இன்றுவரை அவர் பெயரைச் சொன்னால் ஈரானியர்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது இந்த வீடுகள்தான். அவரை எடைபோட நினைப்பவர் பேச்சுகளைத் தள்ளிவைத்துவிட்டு, விண்ணப்பப் படிவத்திலிருந்து வீட்டுப் பத்திரம் வரை இந்தச் சேவையை வாங்குகிறவரின் இடத்திலிருந்து பார்ப்பது நல்லது.

முடிவை முதலிலேயே சொல்லிவிடலாம். விலையில் நல்ல சேவை. கடன் ஏற்பாடு, வாங்கியவருக்கு லாபம்; செலவை நாடே சுமந்தது. கட்டடத்தின் எலும்புக்கூடு பல இடங்களில் பரவாயில்லை, சுவர்தான் பலவீனம். ஒப்படைப்பில் மோசம். அமைவிடம் ஊருக்கு ஊர் வேறு: சிறு நகரங்களில் நிம்மதியாகக் குடியேறிய குடும்பங்கள் உண்டு, தெஹ்ரானைச் சுற்றிய புதுநகரங்களில் கட்டி முடித்த வீட்டுக்குள் போக முடியாமல் பல ஆண்டுகள் வாடகை கொடுத்துக்கொண்டே தவணையும் கட்டிய குடும்பங்கள் உண்டு.

நிலத்தை விலையிலிருந்து கழற்றிய யோசனை

இந்தத் திட்டத்தை நிக்ஸாத் தொடங்கவில்லை. 2007இல், ஈரானியக் கணக்கில் 1386ஆம் ஆண்டின் வரவுசெலவுச் சட்டத்தில் இடம்பெற்று, அவருக்கு முந்தைய வீட்டுவசதி அமைச்சர் முகம்மது சயீதிகியாவின் காலத்தில் தொடங்கியது. அடிப்படை யோசனை எளிமையானது, உண்மையிலேயே நல்லதும்கூட. ஈரானிய நகரங்களில் வீட்டு விலையின் பெரும்பகுதி நிலத்தின் விலை. அரசிடம் நிலம் ஏராளமாக இருக்கிறது. அந்த நிலத்தை விற்காமல் 99 ஆண்டுக் குத்தகைக்கு மிகச் சொற்பமான வாடகையில் கொடுத்துவிட்டால், வாங்குகிறவர் கட்டுமானச் செலவை மட்டும் சுமந்தால் போதும். அந்தச் செலவிலும் பெரும்பகுதிக்கு, வீட்டுக் கடனுக்கான அரசு வங்கியான மஸ்கன் வங்கி மானிய வட்டியில் கடன் தரும். மீதியைத்தான் குடும்பம் கொண்டுவர வேண்டும். இந்த மீதிக்கு ஈரானில் ‘ஆவர்தே’ என்று பெயர். கொண்டுவந்தது என்று பொருள்.

நிக்ஸாத் செய்தது இதைப் பெரிதாக்கியது. செப்டம்பர் 2009இல் அதிபர் அஹ்மதிநெஜாதின் இரண்டாவது அமைச்சரவையில் அவர் பொறுப்பேற்றபோது, திட்டம் காகிதத்திலும் அடித்தளக் குழிகளிலும் கிடந்தது. அதை நாடு முழுவதும் கான்கிரீட்டாக மாற்றிய வேகம் அவருடையது. அந்த வேகத்தை மறுப்பது நேர்மையாகாது. அதே வேகம்தான் பின்னால் வந்த பெரும்பாலான சிக்கல்களுக்கும் காரணம்.

யாருக்குக் கிடைத்தது

தகுதி விதிகள் தெளிவாக இருந்தன, இது இந்தச் சேவையின் பலம். விண்ணப்பிப்பவர் திருமணமானவராகவோ குடும்பத் தலைவராகவோ இருக்க வேண்டும். குடும்பத்தைத் தாங்கும் பெண்களுக்கும் இடம் உண்டு. 1384ஆம் ஆண்டிலிருந்து, அதாவது 2005 முதல், பெயரில் வீடோ வீட்டு மனையோ இருந்திருக்கக் கூடாது. 1979 புரட்சிக்குப் பிறகு அரசின் நிலமோ வீடோ மானியக் கடனோ ஒருமுறைகூட வாங்கியிருக்கக் கூடாது. விண்ணப்பிக்கும் நகரத்தில் ஐந்து ஆண்டுகள் வசித்திருக்க வேண்டும்.

கடைசிக்கு முந்தைய நிபந்தனையைச் சரிபார்க்கும் கருவிதான் ‘ஜீம் படிவம்’. ஜீம் என்பது பாரசீக எழுத்து ஒன்றின் பெயர். அரசு வீட்டு உதவி வாங்கியவரின் ஜீம் படிவம் சிவப்பு, வாங்காதவருடையது பச்சை. ஒரு குடும்பத்துக்கு ஆயுளில் ஒரே முறை என்ற விதியைக் காப்பது இந்த நிறம்தான். இன்று வேறொரு திட்டத்துக்கு விண்ணப்பிக்கப் போகும் ஒருவர் முதலில் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதும் அதே நிறம்தான். எப்போதோ வாங்கி, விட்டுவிட்ட மெஹ்ர் ஒதுக்கீடுகூடப் படிவத்தைச் சிவப்பாக்கிவிடும். விலகும்போது அதை முறைப்படி பச்சைக்குத் திருப்பிக்கொள்ளாமல் வந்தவர்கள் பின்னால் அலைய வேண்டியிருக்கும்.

குறை எங்கே என்றால், மிக ஏழைக் குடும்பத்துக்கு இந்த விதிகளில் தடை இல்லை, ஆவர்தேயில்தான் தடை. பணத்தைக் கட்டடம் எழும் கட்டங்களுக்கு ஏற்பக் கொண்டுவர வேண்டும். அடித்தளத்துக்கு ஒரு தொகை, சட்டகத்துக்கு ஒன்று, சுவருக்கு ஒன்று என்று கேட்பு வரும்போது கையில் காசில்லாதவர் தன் ஒதுக்கீட்டை, அங்கே ‘எம்தியாஸ்’ என்பார்கள், விற்றுவிட்டுப் போனார். இடைக்கால விற்பனைக்கு அனுமதி இல்லாததால் அது அதிகாரப் பத்திரத்தின், அதாவது தன் சார்பில் செயல்பட இன்னொருவருக்கு எழுதிக்கொடுக்கும் பத்திரத்தின், வழியாக நடந்தது. யாருக்காக வீடு கட்டப்பட்டதோ அவர் வெளியே போக, கையில் காசுள்ளவர் அவருடைய பெயரில் உள்ளே வந்தார். இந்தக் கசிவை அடைக்க ஆவர்தேயைப் பிரித்து மாதத் தவணையாக வாங்கியிருக்கலாம்.

மூன்று வழி, மூன்று தரம்

எல்லா மெஹ்ர் வீடும் ஒன்றல்ல. எந்த வழியில் கட்டப்பட்டது என்று கேட்டுத் தெரிந்துகொண்டால் பாதி மதிப்பீடு முடிந்துவிடும்.

முதலாவது, கூட்டுறவுச் சங்க வழி. விண்ணப்பதாரர்களைச் சங்கமாகச் சேர்த்து, சங்கம் ஒப்பந்தக்காரரை அமர்த்திக் கட்டுவது. சங்க நிர்வாகிகள் திறமையாகவும் நேர்மையாகவும் இருந்த இடத்தில் நன்றாக வந்தது. இல்லாத இடத்தில் கணக்கு வழக்கே தெரியாமல் போனது. கட்டுமான ஒப்பந்தத்தைப் படித்துப் புரிந்துகொள்ளும் அனுபவம் உறுப்பினர்களிடம் இல்லை, அதைச் சொல்லிக்கொடுக்க அமைச்சகமும் ஆள் அனுப்பவில்லை.

இரண்டாவது, முத்தரப்பு உடன்படிக்கை. அரசுத் தரப்பு, பெருங்கட்டுநர், விண்ணப்பதாரர் என்று மூன்று கையெழுத்து. புதுநகரங்களின் பெரிய வளாகங்கள் பெரும்பாலும் இப்படி வந்தவை. நூற்றுக்கணக்கான வீடுகளை ஒரே அச்சில் வார்க்க முடிந்ததால் வேகம் இதில்தான் அதிகம். ஆனால் மூன்றாவது கையெழுத்துக்காரருக்குப் பேரம் பேசும் இடமே இல்லை. விலை ஏறினால் அவர் தலையில். வேலை நின்றாலும் அவர் தலையில்.

மூன்றாவது, சொந்த நிலத்தில் கட்டுவது. தன் மனையில், அல்லது நகரத்தின் பழைய தேய்ந்த பகுதியிலுள்ள வீட்டை இடித்து, இந்தக் கடனை வாங்கிக் கட்டிக்கொள்ளலாம். மூன்றில் இதுவே சிறந்தது என்பதில் சந்தேகமில்லை. தெருவில் தண்ணீர்க் குழாய் ஏற்கெனவே இருக்கிறது, மின்கம்பம் இருக்கிறது, பிள்ளைகளின் பள்ளி நடக்கும் தூரத்தில் இருக்கிறது. கொத்தனார் கலவையில் சிமெண்டைக் குறைத்தால் வீட்டுக்காரர் பக்கத்தில் நின்று கேட்கிறார். நிக்ஸாதின் காலத்துச் சாதனைக் கணக்கில் இந்த வகையும் சேர்ந்தேதான் எண்ணப்படுகிறது. ஆனால் திறப்பு விழாவுக்குப் படம் பிடிக்க ஏற்றதாக இருந்தவை பெரிய வளாகங்கள். அமைச்சகத்தின் கவனமும் அங்கேதான் போனது.

கணக்கு எப்படி உடைந்தது

துமான் என்பது பத்து ரியால். மெஹ்ர் ஒப்பந்தங்களில் கட்டுமானச் செலவாக வைக்கப்பட்ட விலை, சதுர மீட்டருக்கு ஏறக்குறைய 3 லட்சம் துமான். 75 சதுர மீட்டர் வீட்டுக்கு 2 கோடியே 25 லட்சம் துமான். படிக்கட்டு, நடைபாதை, வண்டி நிறுத்துமிடம் ஆகியவற்றின் பங்கைச் சேர்த்து 100 சதுர மீட்டர் என்று வைத்தால் 3 கோடி. வங்கிக் கடன் முதலில் 2 கோடிக்குள் இருந்து, பிறகு 2.5 கோடியாகவும் 3 கோடியாகவும் உயர்த்தப்பட்டது. ஆகவே காகிதத்தில் பார்த்தால் குடும்பம் கொண்டுவர வேண்டிய தொகை ஒரு தொழிலாளியின் சேமிப்புக்குள் அடங்கியது. சந்தையில் இந்த விலைக்கு வீடு என்பது நினைத்தே பார்க்க முடியாதது.

இந்தக் கணக்கு உயிரோடிருக்க ஒரே நிபந்தனை, விலை அசையாமல் இருப்பது. டிசம்பர் 2010இல் எரிபொருள், மின்சார மானியங்கள் வெட்டப்பட்டு, ஆளுக்கு மாதம் 45,500 துமான் ரொக்கம் தருவது தொடங்கியது. செங்கல் சூளைக்கும் சிமெண்ட் ஆலைக்கும் எரிவாயு விலை உயர்ந்தது. அடுத்து ஈரான் மீதான பொருளாதாரத் தடைகள் இறுகின. 2010இல் டாலருக்கு 1,000 துமான் என்றிருந்த சந்தை விலை, 2012 இலையுதிர் காலத்தில் 3,000ஐத் தாண்டியது. இரும்புக் கம்பி, லிஃப்ட், மின்கம்பி, குழாய் எல்லாம் அதன் பின்னாலேயே ஏறின. சதுர மீட்டருக்கு 3 லட்சம் என்று கையெழுத்திட்ட ஒப்பந்தக்காரருக்கு ஒவ்வொரு தளமும் நட்டம். சிலர் வேலையை நிறுத்தினார்கள், சிலர் தரத்தில் கைவைத்தார்கள், மற்றவர்கள் ‘தஅதீல்’, அதாவது விலைச் சரிக்கட்டல், கேட்டார்கள். அந்தச் சரிக்கட்டல் கடைசியில் கூடுதல் ஆவர்தேயாக விண்ணப்பதாரர் வீட்டுக் கதவைத் தட்டியது. விலை மாறும்போது யார் எவ்வளவு சுமப்பது என்ற சூத்திரம் ஒப்பந்தத்தின் முதல் நாளிலேயே எழுதப்பட்டிருக்க வேண்டும். பணவீக்கம் புதிதல்லாத ஒரு நாட்டில் அதை எழுதாமல் விட்டது மன்னிக்க முடியாத கவனக்குறைவு.

கடனுக்கான பணம் எங்கிருந்து வந்தது என்பதையும் பார்க்க வேண்டும். மஸ்கன் வங்கியின் சொந்த வைப்புத்தொகை இதற்குப் போதாது. மத்திய வங்கி அதற்குக் கடன் கொடுத்தது. அப்படிப் போன தொகை 40 லட்சம் கோடி துமானுக்கும் மேல். மத்திய வங்கி கொடுக்கும் இத்தகைய பணம் புதிதாகப் பிறக்கும் பணம். அது வங்கிகளுக்குள் சுற்றிப் பெருகி, பொருள் விலையாக வெளியே வரும். 2013இல் ஆண்டுப் பணவீக்கம் 40 விழுக்காட்டை ஒட்டி நின்றது. தடைகளும் எண்ணெய் வருவாய் வீழ்ச்சியும் மானிய வெட்டும் சேர்ந்து செய்த வேலை அது. மெஹ்ரை மட்டும் குற்றம் சொல்வது அரசியல். ஆனால் மெஹ்ருக்கு அதில் பெரிய பங்கு இல்லை என்று நிக்ஸாதின் ஆதரவாளர்கள் சொல்வதும் ஏற்கத்தக்கதல்ல. வீடு கிடைத்தவருக்குக் கடனின் மதிப்பைப் பணவீக்கமே கரைத்துக்கொடுத்தது. சில ஆண்டுகளில் அவருடைய தவணை ஒரு நாள் சந்தைச் செலவு அளவுக்குச் சிறுத்தது. வீடு கிடைக்காமல் வாடகையில் இருந்தவர், இதே பணவீக்கத்துக்குத் தன் சம்பளத்திலிருந்து பணம் கொடுத்தார். இந்தச் சேவையின் உண்மையான விலைச் சீட்டில் அவர் கொடுத்ததும் சேர வேண்டும்.

ஒப்படைப்பு: கூரைக்கும் குழாய்க்கும் இடையே

ஈரானியப் பேச்சில் இதற்குத் தெளிவான சொற்கள் உண்டு. தண்ணீர், மின்சாரம், எரிவாயு, கழிவுநீர், சாலை ஆகியவை ‘ஸீர்பனாயி’, அடிக்கட்டுச் சேவைகள். பள்ளி, மருத்துவ நிலையம், பள்ளிவாசல், காவல் நிலையம், கடைகள் ஆகியவை ‘ரூபனாயி’, மேற்கட்டுச் சேவைகள். அமைச்சகம் வெளியிட்ட முன்னேற்றக் கணக்கோ கட்டடத்துக்கு மட்டும். அடித்தளம், சட்டகம், கூரை, சுவர், பூச்சு, கதவு சன்னல் என்று ஒவ்வொன்றுக்கும் இத்தனை விழுக்காடு. 90 விழுக்காடு முடிந்த வீடு என்றால் கேட்க நன்றாக இருக்கும். மீதிப் பத்தில் தண்ணீர் இணைப்பும் கழிவுநீரும் இருந்தால், குடியேற நினைக்கும் குடும்பத்துக்கு அந்த 90க்கு மதிப்பு ஒன்றுமில்லை.

ஏன் இப்படி ஆனது? தண்ணீரும் மின்சாரமும் எரிசக்தி அமைச்சகத்தின் கையில், எரிவாயு எண்ணெய் அமைச்சகத்தின் கையில், பள்ளி கல்வி அமைச்சகத்தின் கையில். வீட்டுவசதி அமைச்சகம் வளாகத்தை எங்கே வைப்பது என்று தீர்மானித்தது. மற்றவர்களோ அதற்கான பணத்தைத் தங்கள் ஒதுக்கீட்டில் காணவில்லை. ஊருக்கு வெளியே, மலைச்சரிவில், குழாய்க்கு அழுத்தம் எட்டாத உயரத்தில் வளாகத்தைக் கட்டினால், நீரேற்று நிலையம், தொட்டி, பல கிலோமீட்டர்க் குழாய் எல்லாம் புதிதாக வேண்டும். கட்டடத்தை ஓரிரு ஆண்டில் எழுப்பிவிடலாம். கழிவுநீர்ச் சுத்திகரிப்பு நிலையம் அப்படி எழாது. நிலம் இலவசமாகக் கிடைத்த இடம் என்பதாலேயே அந்த இடம் தேர்ந்தெடுக்கப்பட்டது. நிலத்தில் மிச்சமான காசு குழாயிலும் சாலையிலும் இரட்டிப்பாகப் போனது.

இந்த இடத்தில் நிக்ஸாதின் பொறுப்பு மற்ற அமைச்சர்களைவிடக் கூடுதல். பிப்ரவரி 1, 2011 அன்று சாலை, போக்குவரத்து அமைச்சர் ஹமீத் பெஹ்பஹானியை நாடாளுமன்றமான மஜ்லிஸ் பதவி நீக்கியது. அதற்கு முந்தைய மாதம் ஒருமியே அருகே நடந்த விமான விபத்து அந்த விவாதத்தைச் சூடாக்கியிருந்தது. அந்த அமைச்சகத்தின் பொறுப்பு நிக்ஸாதிடம் வந்தது. அதே ஆண்டு இரண்டு அமைச்சகங்களும் இணைக்கப்பட்டு, ‘சாலை மற்றும் நகர மேம்பாட்டு’ அமைச்சகம் உருவானது. அதன் முதல் அமைச்சரும் அவரே. 2012 இறுதியில் தகவல்தொடர்பு அமைச்சர் விலக்கப்பட்டபோது அந்தத் துறையையும் சில வாரங்கள் பொறுப்பாகப் பார்த்தார். வீடும், அந்த வீட்டுக்குப் போகும் சாலையும், ரயில் பாதையும் ஒரே மேசைக்கு வந்துவிட்டன. அதற்குப் பிறகும் புதுநகரங்களுக்கான போக்குவரத்து வீடுகளுக்குப் பின்னால் ஆண்டுக்கணக்கில் தவழ்ந்து வந்தது. சாலைத் துறை ஒத்துழைக்கவில்லை என்று சொல்ல அவருக்கு வழியே இல்லை.

பர்தீஸ் இதற்குச் சரியான எடுத்துக்காட்டு. தெஹ்ரானுக்குக் கிழக்கே, மலைச்சரிவில் அமைந்த இந்தப் புதுநகரத்தில் ஏறத்தாழ 80,000 மெஹ்ர் வீடுகள் திட்டமிடப்பட்டன. 5, 8, 9, 11 என்ற கட்டங்களின் எண்கள், காத்திருந்தவர்கள் வாயில் புலம்பலாகவே மாறின. அதிலும் 11ஆம் கட்டம். குளிரும் காற்றும் பனியும் அதிகமான இடம். குளிர்காலத்தில் வேலை தடைபடும் என்பதை அட்டவணையில் கணக்கில் எடுக்கவில்லை. சரிவில் தாங்குசுவர் கட்டும் செலவு சமதளத்துக்குப் போட்ட விலையில் அடங்காது. தெஹ்ரானின் தென்மேற்கில், இமாம் கொமெய்னி விமான நிலையத்தை ஒட்டிய பரந்த் சமதளம். கட்டுவது எளிதாக இருந்தது, வீடுகள் முன்னதாக எழுந்தன. ஆனால் வேலை தெஹ்ரானில். நாள்தோறும் போகவர ஆகும் நேரமும் காசும், மலிவு விலையில் கிடைத்த லாபத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக அரித்தன. கரஜுக்கு மேற்கே உள்ள ஹஷ்த்கெர்துக்கும் ஏறக்குறைய அதே கதை. ஷீராஸுக்குப் பக்கத்து ஸத்ரா, இஸ்ஃபஹானுக்குப் பக்கத்து பஹாரிஸ்தான், மஷ்ஹதுக்குப் பக்கத்து குல்பஹார் ஆகியவை தாய்நகரத்தோடு ஓரளவு ஒட்டியவை. மக்கள் நிறைந்தபின் கடைகள் தாமாக வந்தன.

ஆகஸ்ட் 2013இல் நிக்ஸாத் பதவியிலிருந்து இறங்கியபோது, பல லட்சம் வீடுகள் முடியாமல் நின்றன. அடுத்து வந்த அப்பாஸ் ஆகூந்தி இந்தத் திட்டத்தை அடியோடு வெறுத்தவர். பொது மேடையிலேயே கடுமையான சொற்களால் தாக்கினார். அவருடைய பொருளாதார வாதம் பெரும்பாலும் சரி. ஆனால் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டுப் பணமும் கட்டிவிட்ட குடும்பத்துக்கு, புது அமைச்சர் பழைய அமைச்சரைத் திட்டுவதால் என்ன கிடைக்கும்? கட்டுமான காலத்தில் கடன், வங்கிக்கும் கட்டுநருக்கும் இடையிலான பங்குடைமைக் கணக்காக இருக்கும். வீடு முடிந்த பிறகுதான் அது விண்ணப்பதாரர் பெயரில் தவணை விற்பனையாக மாறும். இடைப்பட்ட தாமதம் ஒவ்வொரு மாதமும் வட்டியாக ஏறும். அந்த வட்டியைக் கட்டியவர் நிக்ஸாதும் அல்ல, ஆகூந்தியும் அல்ல.

சுவரைப் பற்றி

வளாகத்துக்கு வளாகம் கட்டுமுறை மாறுகிறது. சுவரும் கூரையும் ஒரே வார்ப்பாக எழும் சுரங்க அச்சு முறைக் கட்டடங்கள் நிலநடுக்கத்துக்கு உறுதியானவை. ஒலி ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீட்டுக்குப் போவதும், பின்னால் சுவரை மாற்ற முடியாததும் அதன் குறைகள். மற்றவை பெரும்பாலும் கான்கிரீட் அல்லது எஃகுச் சட்டகம், இடையே உள்ளீடற்ற சுட்டமண் கட்டிகளாலான நிரப்புச் சுவர். கூரையில் தெர்மோகோல் கட்டி வைத்த விட்டங்கள், மேலே ‘இஸோகாம்’ எனப்படும் தார்ப்படலம். இந்தப் படலத்தின் ஒட்டும் விளிம்புகள் சரியாகச் சூடாக்கி ஒட்டப்படாவிட்டால் மேல்தள வீட்டுக்கு இரண்டாவது குளிர்காலத்திலேயே ஒழுகும்.

நவம்பர் 12, 2017 அன்று கெர்மான்ஷா மாகாணத்தில் 7.3 அளவு நிலநடுக்கம் வந்தது. 600க்கும் மேற்பட்டோர் இறந்தனர். சர்போலே ஸஹாப் நகரத்து மெஹ்ர் வளாகத்தின் படங்களை உலகமே பார்த்தது: தூண்களும் கூரைகளும் நிற்கின்றன, வெளிச்சுவர்கள் பிய்ந்து விழுந்து, வரவேற்பறை தெருவைப் பார்த்துத் திறந்து கிடக்கிறது. அப்போதைய அதிபர் ரூஹானி நேரில் சென்று, தவறு செய்தவர்களைக் கண்டுபிடித்து மக்களுக்குக் காட்ட வேண்டும் என்றார். பழமைவாத நாளேடுகள் சட்டகம் நின்றதைச் சுட்டி நிக்ஸாதின் பக்கம் வாதாடின. இரண்டு பக்கமும் பாதி உண்மை. சட்டகம் பெரும்பாலும் தன் வேலையைச் செய்தது. சுவர் செய்யவில்லை. நிரப்புச் சுவரைச் சட்டகத்தோடு பிணைக்காமல் வெறுமனே அடுக்கிவிட்டால், சட்டகம் ஆடும்போது சுவர் தன் தளத்துக்குக் குறுக்காக வெளியே சாயும். இதைத் தடுப்பது செங்குத்தாகச் சுவருக்குள் நிறுத்தப்படும் எஃகுத் துணைத்தூண். ஈரானியப் பொறியாளர்கள் ‘வால்போஸ்ட்’ என்பார்கள். கூடவே படுக்கைவாட்டு வலுவூட்டல், சட்டகத்துக்கும் சுவருக்கும் இடையே சிறு இடைவெளி, அதைப் பிடிக்கும் இணைப்புகள். இவை இல்லாமையே உயிருக்கு ஆபத்தானது. நாட்டின் நிலநடுக்கக் கட்டடவிதியான 2800ஆம் தரநிலைக்கு, கட்டமைப்பு சாராத உறுப்புகளைப் பற்றிய ஆறாம் இணைப்பு அந்த நிலநடுக்கத்துக்குப் பிறகே வந்தது. ஆகவே 2018க்கு முன் முடிந்த மெஹ்ர் வளாகம் எதிலும் துணைத்தூண் இருக்கும் என்று நம்பிவிடக் கூடாது. அவசர வேகத்தில் ஒரே மேற்பார்வைப் பொறியாளர் பல வளாகங்களுக்குக் கையெழுத்திடும் நிலையில், சுவர் போன்ற ‘சின்ன’ வேலைகள்தான் முதலில் கண்காணிப்பிலிருந்து நழுவும்.

இன்று ஒரு மெஹ்ர் வீட்டை வாங்க நினைப்பவருக்கு

பழைய மெஹ்ர் வீடுகள் இப்போதும் கைமாறுகின்றன. பல நகரங்களில் மலிவாகக் கிடைக்கும் வீடு அதுதான். பத்திரத்தைப் பார்க்கும்போது ‘அர்ஸே’, ‘அஃயான்’ என்ற இரண்டு சொற்களைத் தேடுங்கள். அர்ஸே நிலம், அஃயான் அதன் மேலுள்ள கட்டடம். மெஹ்ர் உரிமையாளருக்கு முதலில் கிடைத்தது அஃயான் மட்டுமே. நிலம் 99 ஆண்டுக் குத்தகையில் அரசுடையது. பின்னால் நிலத்தையும் விலை கொடுத்து வாங்கி, முழு உரிமைப் பத்திரமாக, அங்கே ‘ஷெஷ் தாங்’, மாற்றிக்கொள்ள வழி திறந்தது. விற்பவர் நிலத்தை வாங்கியிருக்கிறாரா, இல்லையென்றால் அந்தத் தொகை யார் கணக்கில் என்பதை விலை பேசும் முன்னரே முடிவு செய்ய வேண்டும். தனித்தனி வீட்டுக்கான பிரிப்புப் பத்திரம் வந்துவிட்டதா என்றும் கேட்க வேண்டும். அது வராத வளாகத்தில் விற்பனை அதிகாரப் பத்திரத்தின் மேல்தான் நிற்கிறது. அதிகாரம் கொடுத்தவர் இறந்துவிட்டால் அந்தப் பத்திரம் செல்லாமல் போய், வாரிசுகளின் கதவைத் தட்ட வேண்டிவரும். வங்கிக் கடனில் இன்னும் எத்தனை தவணை மிச்சம், அதைப் பெயர் மாற்ற வங்கி சம்மதிக்கிறதா என்பதைக் கிளையிலேயே நேரில் கேளுங்கள். விற்பவர் காட்டும் தவணைக் கையேட்டில் அபராதம் எழுதியிருக்காது.

வீட்டுக்குள் போனால் மேல்தளத்துக் கூரை மூலைகளில் ஈரக் கறை, வெளிச்சுவரும் தூணும் சேரும் இடத்தில் மேலிருந்து கீழாக ஓடும் விரிசல், மாலை நேரத்தில் குழாய் அழுத்தம், எரிவாயு அடுப்பும் ஹீட்டரும் இணைந்த புகைபோக்கி தடையின்றி வெளியே போகிறதா என்பவற்றைப் பாருங்கள். கடைசியாகச் சொன்னது உயிர் காக்கும் விஷயம். லிஃப்ட் பராமரிப்புச் செலவை வளாகத்தில் யார் வசூலிக்கிறார்கள் என்றும் விசாரியுங்கள். வருவாய் குறைந்த நூறு குடும்பங்கள் சேர்ந்த கட்டடத்தில் முதலில் நிற்பது லிஃப்ட்தான்.

அதே பட்டறையின் அடுத்த பொருள்

நிக்ஸாத் 2017இல் அதிபர் வேட்பாளர் இப்ராஹிம் ரயீஸியின் தேர்தல் பிரசாரத்தை நடத்தினார். 2020இல் அர்தபிலிலிருந்து மஜ்லிஸுக்குத் தேர்வாகி, அவைத் துணைத் தலைவர்களில் ஒருவரானார். 2021இல் ரயீஸி அதிபரானபோது, நான்கு ஆண்டில் 40 லட்சம் வீடு என்ற இலக்கு சட்டமாகவே வந்துவிட்டது. ருஸ்தம் காசிமி, அவருக்குப் பின் மெஹ்ர்தாத் பஸ்ர்பாஷ் என்று பழமைவாத அமைச்சர்கள் இருவர் இந்தத் ‘தேசிய வீட்டு இயக்கத்தை’ நடத்தினார்கள். 99 ஆண்டுக் குத்தகை, பச்சை ஜீம் படிவம், ஐந்தாண்டு வசிப்பிடம் எல்லாம் மெஹ்ரிலிருந்தே வந்தவை. மத்திய வங்கிப் பணத்தை நேரடியாகத் திறந்துவிடுவதைத் தவிர்த்து, வணிக வங்கிகளைக் கடன் கொடுக்கக் கட்டாயப்படுத்தினார்கள். வங்கிகள் முடிந்தவரை தட்டிக்கழித்தன. ஆவர்தே முதல் தவணையே 4 கோடி துமானாக இருந்தது. கடன் வட்டி 18 விழுக்காடும் அதற்கு மேலுமாக இருந்தது. மெஹ்ரில் தவணையைத் தாங்க முடிந்த தொழிலாளிக் குடும்பம் இதில் வாசலிலேயே நின்றுவிட்டது.

விண்ணப்பிக்க நினைப்பவர் அமைச்சகத்திடம் கட்டட முன்னேற்ற விழுக்காட்டைக் கேட்பதில் பயனில்லை. அந்த வளாகத்துக்கு நீர் வரும் ஊற்று எது, குழாய் எத்தனை கிலோமீட்டர் முடிந்தது, கழிவுநீர் நிலையத்துக்கு இந்த ஆண்டு வரவுசெலவில் எவ்வளவு ஒதுக்கியிருக்கிறார்கள் என்று மாகாண நீர் நிறுவனத்திடம் கேளுங்கள். அங்கே எண்ணாகப் பதில் வந்தால் முதல் தவணையைக் கட்டலாம்.